சனிக்கிழமை மழை

சாய்ந்தமருது,
14.08.1982

அன்புள்ள காக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். இங்கே உம்மாவும் நானும் பிள்ளையும் அல்லாஹ்வின் காவலில் இருக்கிறோம். உங்கள் இருமல் விட்டதா? மதினி கால் வீக்கத்துக்கு வைத்தியரிடம் போனாவா?

பெருநாளைக்கு நீங்கள் போட்ட கடிதத்துக்கு இப்போதுதான் பதில் எழுதுகிறேன். லைலாவுக்கு ஏழு மாதம், பல் முளைக்கிறது. எனக்கென்று மிஞ்சுவது அவள் பகலில் தூங்கும் அரை மணிதான். இதன் முதல் வரியை எழுதி மூன்று நாளாகிறது.

ஒரு விஷயம் கேட்க வேண்டும். கல்யாணத்துக்கு முன் உங்கள் கொழும்பு அலுவலகத்தில் இருந்த இரண்டு வருடத்தில், மழைப் பதிவுகளைத் திருத்திக் கொடுக்கும் சிறிய கொம்பியூட்டர் கணக்குத் துண்டு ஒன்றை எழுதினேனே, ஞாபகமா? பதிவில்லாத நாளைப் பூச்சியமாக எடு. முந்தின நாளையும் அடுத்த நாளையும்விட மூன்று மடங்குக்கு மேல் தனியே எழும்பி நிற்கும் நாளை வாசிப்புப் பிழை என்று வெட்டி, இரண்டு பக்கத்துச் சராசரியைப் போடு. விதி அலுவலகத்துப் பெரியவருடையது, எழுதிய கை என்னுடையது. அது இன்னும் பாவனையில் இருக்கிறதா?

நேற்று அச்சிமுகம்மது மாமா வந்திருந்தார். எங்கள் ஒழுங்கையில் கடைசி வீடு. வரிப்பத்தான்சேனைக்கு அப்பால் புளியடிக் குளத்து மண்கட்டின் மேல் உள்ள மழைமானியை இருபது வருடமாக வாசிக்கிறவர். ஒரு பத்திரம் நிரப்பிக் கேட்டார். நிரப்பும்போது சும்மா, "ஒவ்வொரு நாளும் காலை எட்டரைக்கு வாசிக்கிறீங்களா மாமா?" என்று கேட்டேன்.

"ஓம் மகள், பிசகினதில்ல. வெள்ளி மட்டும் இல்ல. வியாழன் பின்னேரம் வயல் வட்டைக்க நிக்கிற எல்லாரும் ஊருக்கு வந்திருவம். வெள்ளி ஜும்ஆத் தொழுது முடிச்சு சனி விடியத்தான் திரும்பிற. சனிக்குப் போய் ரெண்டு நாள் மழையையும் ஒண்டா அளந்து சனியில எழுதிப் போடுவன். தண்ணி எங்க ஓடப் போகுது, போத்தலுக்குள்ளதானே கிடக்கும்."

அவருக்குத் தேத்தண்ணி கொடுத்து அனுப்பிவிட்டு வந்து குந்தினேன். வெள்ளிக்கிழமை வெறுமை, சனிக்கிழமை மலை. என் துண்டு வெட்டுவது அந்தச் சனியைத்தானே, காக்கா. கொழும்பில் பிறந்தவள் எழுதியிருந்தால் தெரியாமல் எழுதினாள் என்று விடலாம். வாப்பா வியாழன்தோறும் வயலிலிருந்து சைக்கிளில் வந்து இறங்குவதைப் பார்த்து வளர்ந்தவள் நான்.

அது பாவனையில் இல்லை என்று ஒரு வரி போடுங்கள், போதும்.

துஆவுடன்,
நதீரா


தெஹிவளை,
29.08.1982

அன்புத் தங்கச்சிக்கு,

வஅலைக்குமுஸ்ஸலாம். இருமல் குறைவு. மதினியின் கால் அப்படியேதான். மருமகள் பல் காட்டும் படம் ஒன்று எடுத்து அனுப்பு.

உன் துண்டு பாவனையில் இருக்கிறது. முன்பைவிடக் கூடுதலாக. நீ போன பிறகு இங்கே வேலைமுறை மாறிவிட்டது. எல்லாருக்கும் தேவையான கணக்குகளை டிஸ்கில் ஒரே கோப்பாக வைத்திருக்கிறோம். பொது லைப்ரரி என்று பெயர். யாரும் அவற்றைத் தன் புரோகிராமில் திரும்ப எழுதுவதில்லை. புரோகிராம் ஓடும்போது தானே போய் அந்தக் கோப்பைத் திறந்து வேண்டியதை எடுத்துக்கொள்ளும். தேயிலை மலையில் மண் சரிவதைக் கணிக்கிறவர்களும், கடலரிப்பைக் கணிக்கிறவர்களும், எங்களைப் போல் குளத்தை இயந்திரத்துக்குள் கட்டி மழை பெய்வித்துப் பார்க்கிறவர்களும் உன் துண்டில்தான் மழையைக் கழுவி எடுக்கிறோம். இப்போதைக்குப் பதினொரு புரோகிராம். பள்ளிவாசல் ஹவுழ் மாதிரி என்று வைத்துக்கொள். தொழுமுன் கைகால் கழுவி வுழூ எடுக்க வருகிறவன் தனக்கென்று ஒரு தொட்டி கட்டுவதில்லை.

அதனால்தான் நினைத்தபடி அதில் கை வைக்க முடியாது. எனக்கே பெரியவரின் கையெழுத்து வேண்டும். ஒரு கிழவரின் வெள்ளிக்கிழமைக்காக அதைத் திறக்கச் சொன்னால் சிரிப்பார்கள். கைப்பிள்ளைக்காரிகளுக்குக் காணாத இடத்திலெல்லாம் பயம் முளைக்கும் என்கிறாள் மதினி. நேரத்துக்குச் சாப்பிடு.

உம்மாவுக்கு ஸலாம்.
முத்தலிப்


சாய்ந்தமருது,
11.09.1982

அன்புள்ள காக்காவுக்கு,

ஸலாம். எல்லோரும் சுகம். நேரத்துக்குச் சாப்பிடுகிறேன்.

மாமாவிடமிருந்து காபன் பிரதிகளை வாங்கினேன். பதினாறு வருடப் பதிவு, அரிசிச் சாக்கு ஒன்று நிறைய. லைலா முதல் தாள்கட்டிலேயே இரண்டு தாளைச் சப்பிவிட்டாள். மிச்சத்தைப் பரணில் வைத்து ஒவ்வொன்றாக இறக்கிப் பார்க்கிறேன்.

1974 மார்கழி 14, சனிக்கிழமை. பதினொரு அங்குலம். அதற்கு முந்தின வெள்ளி வெறுமை. ஞாயிறு இரண்டு அங்குலம். என் துண்டு அதை என்ன செய்யும் என்று உங்களுக்குச் சொல்லத் தேவையில்லை, ஆனாலும் எழுதுகிறேன்: பூச்சியமும் இரண்டும், சராசரி ஒன்று. பதினொரு அங்குல மழை உங்கள் இயந்திரத்துக்குள் ஒரு அங்குலமாகப் பெய்கிறது. இதுபோல இருபத்தெட்டுச் சனிக்கிழமைகள் இதுவரைக்கும்.

ஹவுழ் என்று எழுதினீர்கள். அதற்குள் காகம் ஒன்று செத்து மிதந்தால் பெரியவரின் கையெழுத்துக்குக் காத்திருப்பீர்களா?

கோபமாக எழுதிவிட்டேன். பிள்ளைக்கு வயிற்றோட்டம், கல்முனைக்குக் கொண்டுபோய் மருந்தெடுத்து வந்த களைப்பு. ஆனால் கேட்டது கேட்டதுதான்.

நதீரா


தெஹிவளை,
10.10.1982

அன்புத் தங்கச்சிக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். ஹஜ்ஜுப் பெருநாள் நல்லபடி கழிந்திருக்கும். இங்கே எல்லோரும் தேர்தல் வேலை என்று ஓடுவதால் எழுதப் பிந்திவிட்டது. மருமகளுக்கு ஒரு சட்டை அனுப்பியிருக்கிறேன். மதினி தெரிவு செய்தது, அளவு பெரிதாக இருந்தால் அவளைத்தான் ஏச வேண்டும். வயிற்றோட்டம் நின்றதா?

மச்சான் ஜவுபரிடம் ஒரு சந்தோஷச் செய்தி சொல். புளியடிக் குளத்துக் கணிப்பு என் கையால் முடிந்து அறிக்கை போய்விட்டது. குளத்தில் மிகைநீர் வழிந்தோடும் வானில் இரண்டடிப் பலகை போட்டுத் தண்ணீரை உயர்த்தலாம். பதினாறு வருட மழையையும் பெய்வித்துப் பார்த்தோம். பெரிய வெள்ளத்திலும் வானுக்கு மேல் மூன்றடிதான் பாயும். பலகையோடு ஐந்தடி. கட்டின் தலை ஆறடியில். ஓரடி உலர்ந்து நிற்கும். மாரி மழை பிடிக்குமுன்னே பலகை போடுவார்கள். மச்சானின் நாலு ஏக்கருக்கும் இனிக் கோடையில் சிறுபோக வேளாண்மையும் உண்டு. எங்கள் ஆட்களுக்கு என் கையால் ஒன்று செய்து கொடுத்த நிம்மதி.

தைமாதம் எனக்குப் பதவியுயர்வு என்று கதை அடிபடுகிறது. துஆச் செய்யுங்கள்.

முத்தலிப்


சாய்ந்தமருது,
17.10.1982

காக்காவுக்கு ஸலாம்.

சட்டை அளவு சரி. வயிற்றோட்டம் நின்றுவிட்டது. நீங்கள் கேட்டவற்றுக்கெல்லாம் பதில் எழுதிவிட்டேன். நான் கேட்டதற்கு உங்கள் கடிதத்தில் ஒரு சொல் இல்லை. இரண்டு பக்கமும் திருப்பிப் பார்த்தேன்.

செய்தியைச் சொன்னதும் இவர் பிள்ளையைத் தூக்கிச் சுற்றினார். இந்த வருடம் யாரிடம் விதைநெல் எடுப்பது என்று அப்போதே கதை தொடங்கிவிட்டது. கணக்கு முடியும் வரை நான் வாய் திறக்கவில்லை. நாலு நாள் எடுத்தது. உங்கள் இயந்திரத்துக்கு நாலு நிமிடம் போதும், அதன் மடியில் பிள்ளை இல்லை.

1974இன் அந்தச் சனியை வெட்டாமல், வெள்ளிக்கும் சனிக்கும் பகிர்ந்து போட்டால் வானுக்கு மேல் மூன்றடி இல்லை, நாலேமுக்கால் அடி பாயும். பலகை இல்லாவிட்டால் பயமில்லை. பலகை போட்டால் ஆறேமுக்கால். கட்டின் தலையோ ஆறடி. மண்கட்டுக்கு மேலால் முக்காலடித் தண்ணீர் போனால் என்ன மிஞ்சும்? மூன்று தரம் கூட்டினேன். மூன்று தரமும் அதே முக்கால்.

இவருடைய வாடிக் குடிசை குளக்கட்டுக்கு நேர் கீழே. கூப்பிடு தூரம். வெள்ளி தவிர மற்ற நாளெல்லாம் அங்கே நாற்பது பேர் படுக்கிறார்கள்.

இவரிடம் சொன்னேன். "காக்கா கொம்பியூட்டர்ல பார்த்துச் சொன்ன கணக்க, நீ அடுப்படியில குந்தி இருந்து மாத்திற. நல்லாயிருக்கு கதை" என்றார்.

"காக்காவும் நான் எழுதினதை வச்சுத்தான் பார்த்த" என்றேன்.

"அப்ப உன்ட கணக்கும் பிழையா இருக்கலாம்தானே" என்றார். பிழை விட்டவள் என்று நானே சொல்லிவிட்டுத்தான் இப்போது சரி என்கிறேன்.

கணக்குத் தாள்கள் ஒன்பதும் உள்ளே. பாருங்கள். பார்த்து எழுதுங்கள்.

நதீரா


தெஹிவளை,
31.10.1982

அன்புத் தங்கச்சிக்கு,

ஸலாம். மதினி ஒரு கிழமையாகப் படுக்கை, அதனால் இது சிறிய கடிதம். உம்மாவுக்குச் சொல்லாதே, மனம் குழம்புவா.

தாள்களைப் பார்த்தேன். கூட்டலில் பிழை காணவில்லை.

ஆனால் நீ ஒன்றை விளங்க வேண்டும். அந்தக் கோப்பில் ஒரு வரி மாறினால் புளியடிக் குளம் மட்டும் மாறாது. பதினொரு புரோகிராமின் விடையும் அடுத்த முறை ஓடும்போது மாறும். கையெழுத்து வைத்துக் கொடுத்த அறிக்கைகள் எல்லாம் கேள்விக்கு வரும். மலைநாட்டில் வெள்ளிக்கும் வாசிக்கிறார்கள். அங்கே வெறுமை என்றால் மழை இல்லை என்றுதான் அர்த்தம். அவர்களுக்குச் சரியான விதி உனக்குப் பிழை. எங்கள் குளத்துக்கு மட்டும் தனிப் பிரதி ஒன்று வைக்கலாமா என்று யோசித்தேன். அதற்கு அனுமதி இல்லை. ஆளுக்கொரு பிரதி இருக்கக்கூடாது என்றுதானே பொதுக் கோப்பே வந்தது.

இன்னொன்று. அந்தத் துண்டின் தலைப்பில் எழுதியவர் பெயர் என்ற இடத்தில் என் பெயர் இருக்கிறது. நீ விலகிய பிறகு ஒழுங்குக்காக யாரோ போட்டது. ஆகவே கேள்வி வந்தால் முதலில் என்னிடம்தான் வரும். தை வரைக்கும் பொறு. அதன் பிறகு ஆறுதலாகப் பார்க்கலாம். ஒவ்வொரு மாரியும் 1974 ஆகாது.

முத்தலிப்


சாய்ந்தமருது,
06.11.1982

காக்காவுக்கு,

ஸலாம். மதினிக்கு யாஸீன் ஓதினோம். உம்மாவிடம் சொல்லவில்லை.

தலைப்பில் பெயரை யார் போட்டது என்று நான் கேட்கவில்லை. இனியும் கேட்க மாட்டேன்.

உள்ளே பெரியவருக்கு இங்கிலீஷில் ஒரு கடிதம் வைத்திருக்கிறேன். துண்டை எழுதியவள் நான், பிழை என்னுடையது, உங்களுக்கு அது தெரியாது என்று இரண்டு பக்கம். அதைக் கொடுங்கள். கொடுக்க விருப்பமில்லாவிட்டால் கிழித்துவிட்டு, நீங்களே கண்டுபிடித்ததாகச் சொல்லுங்கள். எது லேசோ அது. தை வரை பொறுக்கச் சொல்ல வேண்டாம். தைக்கு முன்னால் கார்த்திகையும் மார்கழியும் இருக்கிறது.

பலகை ஏற்றிய வண்டி நேற்று எங்கள் தெருவால் போனது. அடுத்த சனி வானில் பூட்டுகிறார்களாம். வியாழனுக்குள் உங்களிடமிருந்து ஒன்றும் வராவிட்டால் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு நானே போவேன்.

நதீரா


சாய்ந்தமருது,
15.11.1982

காக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். வியாழனும் போனது, வெள்ளியும் போனது. மதினிக்கு என்ன பாடு என்றுகூட ஒரு வரி இல்லை. இருந்தாலும் நடந்ததை உங்களுக்கு எழுதாமல் யாருக்கு எழுதுவது.

சனி காலை அச்சிமுகம்மது மாமாவோடு முதல் பஸ்ஸில் போனேன். லைலாவும் காபன் சாக்கும். குளக்கட்டின் மேல், வயற்காரரின் தலைவரான வட்டை விதானையும் நீர்ப்பாசன ஓவசியரும் நின்றார்கள். விவசாயிகள் முப்பது பேருக்கு மேல். இவரும் நின்றார். என்னைக் கண்டதும் முகத்தைத் திருப்பிக்கொண்டார். சாய்ந்தமருதுப் பெண் வட்டைக்குள் வந்து ஆண்களின் கூட்டத்தில் கதைத்தது அதற்கு முன் நடந்திருக்காது. பிள்ளையை மற்ற இடுப்புக்கு மாற்றிக்கொண்டு சொல்லத் தொடங்கினேன்.

நான் சொல்லி முடிக்குமுன் ஒருவர், "ஜவுபர்ர பொண்டாட்டி மழைக்கும் பாடம் எடுக்கிறா போல" என்றார். சிரித்தார்கள். "ரெண்டடித் தண்ணிய வேணாமெண்டு சொல்ல ஊரிலிருந்து பஸ் ஏறி வந்திருக்கா, பாருங்க" என்று இன்னொருவர்.

ஓவசியர் மாமாவைக் கேட்டார். "நீங்க வெள்ளிக்கு வாசிக்கிறல்லையா? இத்தனை வருஷமும்?"

இருபது வருட வேலை அந்த ஒரு கேள்வியில் தொங்கியது. ஏதாவது சொல்லித் தப்புவார் என்றுதான் நினைத்தேன்.

"வாசிக்கிறல்ல" என்றார் மாமா. "அளந்த தண்ணி சரி. எழுதின நாள் பிழை. எழுபத்து நாலுல அந்தச் சனிக்கு நான் வந்து பார்க்கக்குள்ள போத்தல் நிரம்பி வெளிச் சாடிக்குள்ளயும் தண்ணி நிண்ட. அத ஒரு அங்குலமெண்டு ஆரு சொன்னாலும் நான் ஒத்துக்கொள்ள மாட்டன்."

"வேலைய ஒழுங்காச் செய்யாத ஆள்ர கதையக் கேட்டா நாங்க தண்ணிய விடுற?" என்று கத்தினார்கள்.

அப்போதுதான் வட்டை விதானை முகைதீன்பாவா வாய் திறந்தார். "வெள்ளிக்கு இஞ்ச நிண்ட ஆள் ஆராவது இருந்தா அவர் கத்தட்டும்" என்றார்.

ஓவசியர் நல்ல மனிதர். ஆனால், "கொழும்பால வந்த கடுதாசிய கொழும்புக் கடுதாசிதான் மாத்த ஏலும் தங்கச்சி. ஒரு கிழமை பார்க்கிறன். அடுத்த சனிக்கு வேற கடுதாசி இல்லாட்டிப் பூட்டுவன்" என்றார்.

இவர் பஸ்ஸடிக்கு வரவில்லை. வாடியிலேயே நின்றுவிட்டார்.

அடுத்த சனி இருபதாம் திகதி.

நதீரா


தந்தி
கொழும்பு, 19.11.1982

கோப்பு திருத்தப்பட்டது. பலகை நிறுத்தக் கடிதம் ஓவசியருக்குப் போகிறது. மதினி சுகம். முத்தலிப்.


தெஹிவளை,
21.11.1982

அன்புத் தங்கச்சிக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். மதினி எழும்பி நடக்கிறாள். நான் எழுதாததற்கு அவளைச் சாட்டாதே, அவள் ஒவ்வொரு நாளும் கேட்டாள்.

நீ பெரியவருக்கு எழுதியதை எட்டு நாள் பையில் கொண்டு திரிந்தேன். காலையில் கொடுப்பது என்று போவேன், பின்னேரம் கொண்டு வருவேன். வியாழக்கிழமை உன் பதினைந்தாம் திகதிக் கடிதம் வந்தது. மாமா சொன்னதை வாசித்துவிட்டுப் பெரியவரின் அறைக்குப் போனேன்.

உன் கடிதத்தைக் கொடுக்கவில்லை. ஒன்பது தாளையும் காட்டினேன். தலைப்பைப் பார்த்துவிட்டு, "முத்தலிப் என்பது நீர்தானே?" என்று கேட்டார். நான்தான் என்றேன்.

இனி விதி இப்படி: வெறுமையான நாளைப் பூச்சியமாக எடுக்காது. அந்த இடத்து வாசகர் எந்த நாட்களில் நிற்பதில்லை என்ற பட்டியலைப் பார்த்துப் பகிரும். தீவிலுள்ள எல்லா மழைமானிக்காரருக்கும் கேட்டு எழுதுகிறார்கள். பதினொரு அறிக்கையும் திரும்ப ஓடுகிறது. மாமாவின் வேலைக்குக் குறையில்லை என்று எழுத்தில் வாங்கியிருக்கிறேன். நான் வருகிற மாதம் முதல் பதிவறையில். தைக் கதை இனி இல்லை. அதைப்பற்றி நீ ஒன்றும் எழுத வேண்டாம்.

மழை எப்படி அங்கே?

முத்தலிப்


சாய்ந்தமருது,
28.01.1983

அன்புள்ள காக்காவுக்கு,

அஸ்ஸலாமு அலைக்கும். நீங்களும் மதினியும் சுகமாக இருக்க அல்லாஹ் போதுமானவன். உம்மாவுக்கு முழங்கால் உளைவு. லைலா சுவரைப் பிடித்து நடக்கிறாள்.

இரண்டு மாதம் பிந்தி எழுதுகிறேன். முன்பு பிள்ளையைச் சாட்டினேன், இந்த முறை அவள்மேல் பழி இல்லை. மழை எப்படி என்று கேட்டிருந்தீர்கள். சொல்வதற்கு மழை வரட்டும் என்று பார்த்திருந்தேன். மார்கழி போனது, தை முடியப் போகிறது. இந்த மாரி பொய்த்துவிட்டது, காக்கா. குளம் ஒரு தரம் நிறைந்து, மூன்று நாள் மெல்லிசாக வான் பாய்ந்தது. அவ்வளவுதான். பலகை போட்டிருந்தால் அந்தத் தண்ணீர் நின்றிருக்கும். இப்போது சிறுபோகத்துக்குப் பாதி வட்டைக்கும் காணாது. இவருடைய நாலு ஏக்கர் அந்தப் பாதிக்குள் வரவில்லை.

கிணற்றடியில் பெண்கள் என் காதுபடவே கதைக்கிறார்கள். "படிச்ச புள்ள கணக்குப் பார்த்த, குளம் காஞ்ச" என்று. மாமாவையும் விடுகிறார்களில்லை. அவர் இப்போது வெள்ளிக்கும் நிற்கிறார். குளத்தடித் தக்கியாவில் ஜும்ஆ தொழுதுவிட்டு, வராத மழையைத் தவறாமல் அளக்கிறார்.

நீங்களும் பதிவறையில் இருந்துகொண்டு, ஒரு வெள்ளம் வந்திருந்தால் என்று ஒரு நாளாவது நினைத்திருப்பீர்கள். நான் நினைத்தேன். கட்டின் தலைக்கு ஓரடி கீழே வந்து நின்று, எல்லோரும் கண்டுவிட்டுத் திரும்பிப் போகும் ஒரு வெள்ளம். பிறகு பிள்ளைக்குச் சோறு ஊட்டும்போது, நான் துஆக் கேட்பது எதற்கு என்று விளங்கி, கை அப்படியே நின்றுவிட்டது. இனி அதைக் கேட்க மாட்டேன். எங்கள் கணக்கு சரி என்று யாரும் அறியாமலே போகட்டும்.

இன்று வெள்ளி. ஜும்ஆ முடிந்து இவர் வந்திருக்கிறார். என்னோடு கதைத்து மூன்று கிழமை. பாயில் இருந்து சாப்பிடுகிறார். லைலா அவருடைய பீங்கானுக்குள் கை விட்டு மீனைக் கலைக்கிறாள், அவளை ஒன்றும் சொல்லவில்லை. கோபம் முதுகிலேயே தெரிகிறது. வாடியில் படுத்த நாற்பது பேரும் இதே கோபத்தோடு இந்நேரம் அவரவர் வீட்டில் சோறு தின்பார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

சுவரைப் பார்த்து, "இன்னும் கொஞ்சம் சோறு" என்கிறார். எழும்பிப் போட வேண்டும். நிறுத்துகிறேன்.

உங்கள் தங்கச்சி,
நதீரா